உடைந்த போர்டை எங்கே போடுவது?

2025 ஜூலையில், சென்னைக்குத் தெற்கே இருக்கும் கோவளத்தில், அலைமேல் சறுக்குகிற என் சர்ஃப் போர்டு இரண்டாக உடைந்தது. பெரிய அலை ஒன்றும் இல்லை, இடுப்பளவுதான். கரைக்கு ரொம்பக் கிட்டே வந்து மடங்குகிற இடத்தில் மூக்கு மணலில் குத்தி, 'டப்'பென்று ஒரு சத்தம். எழுந்து பார்த்தால் காலையும் போர்டையும் இணைக்கிற லீஷ் கயிற்றின் முனையில் வால் பாதி மட்டும் மிதக்கிறது. மூக்குப் பாதியைக் குப்பத்துப் பையன் ஒருவன் கரையிலிருந்து தூக்கிக்கொண்டு வந்து கொடுத்தான். இரண்டையும் காரில் போட்டு வேளச்சேரிக்குக் கொண்டுவந்து பால்கனியில் சாய்த்து வைத்தேன்.

மூன்று மாதம் அங்கேயேதான் கிடந்தது. துணி காயப்போட வரும்போதெல்லாம் அம்மா கேட்பார்: "இதை எப்பத்தான் எடுக்கப்போற?"

எடுக்கலாம், எங்கே போடுவது? தெருமுனைக் காயலான் கடைக்காரரிடம் கொண்டுபோனேன். விரல் முட்டியால் இரண்டு தட்டுத் தட்டிப் பார்த்தார். "இது பைபரு மேடம். இரும்புன்னா எடுத்துப்பேன், பிளாஸ்டிக்னாலும் எடுத்துப்பேன். இது ரெண்டுலயும் சேராது." சென்னையில் காயலான் கடைக்காரர் வேண்டாம் என்று திருப்பி அனுப்பும் பொருளை உலகத்தில் வேறு எவரும் தொடமாட்டார்கள் என்பது என் கணிப்பு. குப்பை வண்டியில் வரும் அக்கா இன்னும் நடைமுறையாக யோசித்தார்: "நாலா அறுத்துக் குடும்மா, ஏத்திக்கிறேன்."

ரம்பத்தைத் தேடி எடுத்தும்விட்டேன். அப்போதுதான் இது போகும் வழி மனதில் ஓடியது. எங்கள் பக்கத்துக் குப்பையில் பிரிக்க முடியாதது எல்லாம் கடைசியில் சேருமிடம் பெருங்குடிக் கிடங்கு. பெருங்குடிக் கிடங்கு இருப்பது பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தில். பள்ளிக்கரணையின் தண்ணீர் ஒக்கியம் மடுவு வழியாகப் பக்கிங்ஹாம் கால்வாயில் விழுந்து, தெற்கே ஓடி, கோவளம் முகத்துவாரத்தில் கடலைச் சேருகிறது. அதாவது நான் போர்டு ஓட்டுகிற அதே கடல். ரம்பத்தைத் திரும்பப் பரணில் வைத்தேன்.

நான் சர்ஃபிங் கற்றுக்கொண்டது 2016-ல், 32 வயதில், பெருங்குடியில் ஒரு அலுவலகத்தில் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தபோது. அதற்கு முன் கடல் என்றால் பெசன்ட் நகரில் கால் நனைப்பதுதான். ஆறே மாதத்தில், 2017 ஜனவரி கடைசியில், எண்ணூர் அருகே இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியது. தெற்கே பெசன்ட் நகர் வரைக்கும் கறுப்புத் தார் மாதிரி கரை ஒதுங்கிக் கிடந்தது. வடசென்னைக் கரையில் மீனவர்களும் தன்னார்வலர்களும் வாளி வாளியாக அள்ளிக்கொண்டிருந்ததை நாடே பார்த்தது. எங்கள் சர்ஃபிங் குழுவில் நாங்கள் கொதித்துப்போய்ப் பேசினோம். பேசியபோது என் உடம்பில் இருந்தது பாலியெஸ்டரும் லைக்ராவும். கையில் இருந்த போர்டு பெரும்பாலும் பெட்ரோலியம். போர்டுக்கு மேலே தேய்க்கிற வேக்ஸும் பாரஃபின், மெழுகுவர்த்தி செய்கிற அதே பொருள், அதுவும் பெட்ரோலியம்தான். இது அன்றைக்கு எனக்கு உறைக்கவில்லை. உறைக்க ஒரு ஓட்டை தேவைப்பட்டது.

2019-ல் முதல் போர்டில் ஓட்டை விழுந்தது. பாறையில் இடித்து, கட்டைவிரல் நுழைகிற அளவுக்கு ஒரு 'டிங்'. ஊரில் போர்டு ரிப்பேர் செய்கிறவர்கள் அப்போது விரல்விட்டு எண்ணக்கூடிய அளவில்தான் இருந்தார்கள், காத்திருக்க வேண்டும். எனக்குப் பொறுமை இல்லை. கரையில் ஃபைபர் படகுகளுக்கு ஒட்டுப்போடும் அண்ணன் ஒருவர் இருந்தார். சுனாமிக்குப் பிறகு கட்டுமரங்கள் இருந்த இடமெல்லாம் ஃபைபர் படகாக மாறியதால், ரெசின் என்கிற பிசின் டப்பாவும் கண்ணாடி இழை விரிப்பும் இல்லாத குப்பமே இந்தக் கரையில் இல்லை. போர்டும் படகும் ஒரே சரக்குதானே என்று அவரிடம் கொடுத்தேன்.

அவரும் அப்படித்தான் நினைத்தார். ரெசினில் அதை இறுகவைக்கும் ஹார்ட்னரைக் கலந்து, ஓட்டையில் ஊற்றி, விரிப்பை ஒட்டினார். ஐந்து நிமிஷத்தில் மேல்தோல் உள்வாங்கத் தொடங்கியது. "இன்னா மேடம் இது, உள்ள ஒண்ணுமே இல்ல, கரைஞ்சுகினே போவுது!" என்றார். கட்டைவிரல் ஓட்டை, ஒரு தேங்காய் மூடி கொள்கிற பள்ளமாகிவிட்டது.

நடந்தது இதுதான். அந்தப் போர்டின் உள்ளே இருந்தது தெர்மாகோல், பாலிஸ்டைரீன். படகுக்குப் போடுகிற பாலியெஸ்டர் ரெசினில் ஸ்டைரீன் கலந்திருக்கும். இனம் இனத்தோடு சேரும் என்பார்கள், இங்கே இனம் இனத்தைக் கரைத்துவிட்டது. தெர்மாகோல் போர்டுக்கு எபாக்ஸி ரெசின் மட்டும்தான். பாலியூரித்தேன் நுரை போர்டு என்றால் இரண்டும் போடலாம். எந்த போர்டு என்று தெரியாவிட்டால் எபாக்ஸியே போட்டுவிடுவது. வெயிலில் காயும் ரெசின் டியூப் விற்கிறார்கள், அதிலும் இரண்டு ரகம் உண்டு. பெயர்ச்சீட்டில் எபாக்ஸி என்று இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். இந்த ஒரு வரி தெரியாமல் 18,000 ரூபாய் போர்டைப் பாழாக்கினேன்.

தப்பு அண்ணனுடையது இல்லை, கேட்காமல் கொடுத்தது நான். ஆனால் அன்றைக்கு அவர் வேலை செய்த விதத்தை உட்கார்ந்து பார்த்ததுதான் எனக்குப் பாடம். கையுறை கிடையாது, முகமூடி கிடையாது. உலர்ந்த ஒட்டுப் பகுதியை அவர் தேய்த்தபோது காற்றில் பறந்த பொடி என் முழங்கையில் பட்டு ராத்திரி முழுக்க அரித்தது. அவருக்கு இது தினசரி வேலை. "பழகிடுச்சு" என்றார். உலகத்தில் சர்ஃப் போர்டு செய்கிறவர்களில் பலர் இதே பொடியையும் இதே வாசனையையும் சுவாசித்துக்கொண்டுதான் செய்கிறார்கள். விளம்பரத்தில் வருகிற நீலக் கடலும் கலைந்த தலைமுடியும் அந்தக் கொட்டகைக்கு ரொம்ப தூரம்.

அப்புறம்தான் இந்தத் தொழிலைப் பற்றித் தோண்ட ஆரம்பித்தேன். போர்டின் கதையில் ஒரு தேதியை மறக்க முடியாது: 2005 டிசம்பர் 5, திங்கட்கிழமை. கலிஃபோர்னியாவில் கார்டன் கிளார்க் என்பவரின் 'கிளார்க் ஃபோம்' கம்பெனி அன்றைக்குத் திடீரென்று மூடப்பட்டது. அமெரிக்க போர்டுகளின் உள்நுரையில் கிட்டத்தட்ட 90 சதவீதம் அங்கிருந்துதான் போய்க்கொண்டிருந்தது. ஏன் மூடுகிறேன் என்று வாடிக்கையாளர்களுக்கு அவர் அனுப்பிய நீண்ட கடிதத்தில், நுரை செய்யப் பயன்படுகிற டொலுவீன் டைஐசோசயனேட் என்ற வேதிப்பொருளைப் பற்றிய அரசுக் கெடுபிடிகளையும், வழக்கு வந்தால் தாங்காது என்ற பயத்தையும் சொல்லியிருந்தார். ஐசோசயனேட் என்ற சொல்லைக் கேட்டதும் நமக்கு 1984 போபால் ஞாபகம் வரும். அது வேறு பொருள், மீதைல் ஐசோசயனேட். ஆனால் ஒரே குடும்பம். கடலை நேசிக்கிற விளையாட்டு என்று சொல்லிக்கொள்கிற ஒன்றின் நடுவயிற்றில் இந்தக் குடும்பத்துப் பொருள் இருக்கிறது என்பது எனக்கு அதுவரை தெரியாது.

கிளார்க் மூடியதால் தொழில் சுத்தமாகிவிடவில்லை, இடம் மாறியது. தெர்மாகோல்-எபாக்ஸி போர்டுகள் பெருகின. தாய்லாந்திலும் சீனாவிலும் அச்சில் வார்த்த போர்டுகள் கப்பல் கப்பலாகக் கிளம்பின. சென்னையில் கற்றுக்கொடுக்க வைத்திருக்கும் மெத்தென்ற போர்டு அந்த வழியில் வந்ததுதான்: உள்ளே தெர்மாகோல், மேலே பாலிஎத்திலீன் தோல். தலையில் இடித்தாலும் வலி குறைவு, புதிதாக வருகிறவர்களுக்கு அதைவிட நல்லது இல்லை. ஆனால் நம் ஊர் வெயிலில் இரண்டு வருஷம் போனால் தோல் உரிந்து, தண்ணீர் குடித்து, ஓரத்திலிருந்து வெள்ளை மணிகள் உதிரத் தொடங்கும். உதிர்வது மணலில். மணலிலிருந்து பொறுக்கவே முடியாது.

ஒரு உண்மையையும் சொல்லிவிட வேண்டும். சர்ஃபிங் தொழிலின் பெரிய பணம் போர்டில் இல்லை, டீ-ஷர்ட்டிலும் அரைக்கால் சட்டையிலும்தான் இருந்தது. அந்தக் கட்டடம் இப்போது விரிசல் விட்டிருக்கிறது. சர்ஃபிங் உடை விற்கும் குவிக்சில்வர் 2015-ல் திவால் மனு போட்டு மீண்டது. அதன் தாய் நிறுவனம் 2018-ல் அதே தொழிலில் இருந்த பில்லபாங்கை வாங்கியது. 2023-ல் இரண்டுமே பெயரை மட்டும் வாங்கி வாடகைக்கு விடுகிற இன்னொரு நிறுவனத்தின் கைக்குப் போயின. 2025 பிப்ரவரியில், அந்தப் பெயர்களில் அமெரிக்காவில் கடை நடத்திவந்த லிபரேட்டட் பிராண்ட்ஸ் திவாலாகி, 100-க்கும் மேற்பட்ட கடைகள் மூடப்பட்டன. கொரோனா காலத்தில் உலகம் முழுக்கக் கடலுக்கு ஓடியவர்கள் வாங்கித் தள்ளினார்கள், அதை நம்பித் தயாரித்துக் குவித்தார்கள், பிறகு கூட்டம் வடிந்தது. விற்காமல் தேங்கிய சரக்குக்கு ஆன தண்ணீரும் சாயமும் திரும்ப வருமா? சாயத் தண்ணீர் என்ன செய்யும் என்பதை நொய்யல் ஆற்றைப் பார்த்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

குளிர்ந்த கடலில் போடுகிற ரப்பர் உடையான வெட்சூட்டின் கதை நமக்கு நேரடியாக இல்லை. சென்னைக் கடலுக்கு அது தேவையே இல்லை, போட்டால் வெந்துபோவோம். ஆனாலும் அந்த உடைக்கான நியோப்ரீன் ரப்பர் குளோரோபிரீன் என்ற வேதிப்பொருளிலிருந்து வருகிறது. அமெரிக்காவின் லூசியானாவில் அதைச் செய்துவந்த ஆலைக்குப் பக்கத்தில் வாழும் மக்கள் புற்றுநோய்ப் பயத்தில் வருஷக்கணக்காகப் போராடினார்கள். 2025-ல் அந்த ஆலை உற்பத்தியை நிறுத்துவதாக அறிவித்தது. படகோனியா என்ற நிறுவனம் 2016 முதல் இயற்கை ரப்பரில் வெட்சூட் செய்கிறது. ரப்பர் பால் வடிக்கிற கன்னியாகுமரிப் பக்கத்து மாமாவிடம் இதைச் சொன்னேன். "அப்போ விலை ஏறுமா?" என்று மட்டும் கேட்டார்.

கோவளத்துக்கு வருகிறேன். இங்கே இந்த விளையாட்டு கெடுதல் மட்டும் செய்தது என்று சொன்னால் பொய். மீனவக் குடும்பத்தில் பிறந்த மூர்த்தி மேகவன் 2012 வாக்கில் ஆரம்பித்த பள்ளியில் குப்பத்துப் பிள்ளைகள் கற்று, பயிற்சியாளர்களாகி, கடலில் தத்தளிப்பவர்களைக் காப்பாற்றுகிறவர்களாகவும் ஆனார்கள். 2021-ல் கோவளம் கடற்கரைக்கு, சுத்தமான கடற்கரைகளுக்குத் தரும் நீலக்கொடிச் சான்றிதழ் கிடைத்தது. 2025 ஆகஸ்டில், என் போர்டு உடைந்த அடுத்த மாதமே, மாமல்லபுரத்தில் ஆசிய சாம்பியன்ஷிப் நடந்தது. ரமேஷ் புதிஹால் வெண்கலம் வாங்கினார், தனிநபர் பிரிவில் இந்தியாவுக்கு முதல் பதக்கம். என் காலனியிலேயே மூன்று பேர் அதற்குப் பிறகு "எங்கே கத்துக்கலாம்?" என்று கேட்டார்கள். இன்னும் வருவார்கள். அதனால்தான் இதையெல்லாம் எழுதத் தோன்றியது.

கேட்டவர்களிடம் முதலில் சொன்னது: போர்டு வாங்காதீர்கள். ஒரு வருஷமாவது வாடகை போர்டில் ஓட்டுங்கள். புதிதாக வாங்கியவர்களில் பாதிப்பேர் மூன்றாம் மாதம் வருவதில்லை, போர்டு மட்டும் மாடிப்படிக்கு அடியில் இருக்கும். வாங்கித்தான் ஆகவேண்டும் என்றால் பழையது வாங்குங்கள். தோலைக் கட்டைவிரலால் அழுத்தினால் நெகிழ்ந்து கொடுக்கிற இடம் இருந்தால் உள்ளே பிரிந்திருக்கிறது என்று அர்த்தம். விரலால் தட்டிக்கொண்டே போங்கள், சத்தம் மந்தமாகிற இடத்தில் தண்ணீர் இருக்கலாம். ஓட்டையை முகர்ந்து பாருங்கள். தண்ணீர் குடித்த போர்டு ஊறவைத்த சாக்கு மாதிரி நாறும். மஞ்சள் நிறம் மட்டும் பழுது இல்லை, வெயில் பட்ட பாலியூரித்தேன் அப்படித்தான் இருக்கும். அதைச் சொல்லி விலையைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

ஓட்டை விழுந்தால் உடனே கரைக்கு வந்துவிட வேண்டும். 'இன்னும் ரெண்டு அலை' என்கிற ஆசைதான் போர்டைக் கொல்கிறது. நான் காரில் எப்போதும் ஒரு சுருள் டேப் வைத்திருக்கிறேன். வீட்டுக்கு வந்ததும் நல்ல தண்ணீரில் கழுவி, ஓட்டை கீழே பார்க்கும்படி நிழலில் நிறுத்திவைத்தால் நாலைந்து நாளில் வடிந்துவிடும். வெயிலில் வைக்கக் கூடாது. மூடிய காருக்குள் மே மாத மதியம் போர்டை விட்டுவிட்டுப் போனால், திரும்பி வரும்போது தோல் அப்பளம் மாதிரி உப்பியிருக்கும், அனுபவம். தேய்க்கிற வேலையைக் கரையில் செய்யாதீர்கள். பழைய பேனர் துணியை விரித்து, ஈரத் தாளால் தேய்த்து, விழுவதைச் சுருட்டிக் கட்டிவிடுங்கள். முகமூடியும் கையுறையும் கட்டாயம். எபாக்ஸியில் நாற்றம் குறைவு என்பதால் பாதிப்பில்லை என்று நினைக்க வேண்டாம், தோலில் திரும்பத் திரும்பப் பட்டால் ஒருநாள் ஒவ்வாமையாக மாறும், பிறகு ஒரு துளி பட்டாலும் தடித்துவிடும்.

வேக்ஸ் விஷயத்தில் நான் தோற்றேன். தேன்மெழுகும் தேங்காய் எண்ணெயும் உருக்கி வீட்டிலேயே செய்யலாம் என்று படித்து, செய்தும் பார்த்தேன். காலை ஆறு மணிக்குக் கல் மாதிரி இருந்தது, எட்டு மணிக்கு ஓடியது. கால் வழுக்கி விழுந்ததுதான் மிச்சம். இப்போது கடையில் தேன்மெழுகு கலந்து விற்பதையே வாங்குகிறேன், சுரண்டியதை மணலில் உதறாமல் ஒரு ஊறுகாய் டப்பாவில் சேர்க்கிறேன். சன்ஸ்கிரீனில் ஆக்ஸிபென்சோன், ஆக்டினாக்ஸேட் என்ற வேதிப்பொருள்கள் இருந்தால், பவளப்பாறைக்குக் கெடுதல் என்று ஹவாயில் 2021 முதல் விற்கத் தடை. சென்னைக் கரையில் பவளப்பாறை இல்லை, அதனால் தலைபோகிற விஷயம் இல்லை. ஆனாலும் முழுக்கைச் சட்டை போட்டுக்கொண்டால் முகத்துக்கு மட்டும் துத்தநாகக் களிம்பு போதும். அம்மாவுக்கும் திருப்தி: "கறுத்துப் போயிடுவ" என்கிற புலம்பல் பாதியாகக் குறைந்தது.

போர்டை விட மோசமான கணக்கு காரில் இருந்தது. வாரத்துக்கு இரண்டு நாள், போக வர 60 கிலோமீட்டர், தனியாக. வருஷக் கடைசியில் பெட்ரோல் செலவைக் கூட்டிப் பார்த்தால் போர்டு விலையைத் தாண்டிவிட்டது. கணக்கெழுதுகிற எனக்கே வெட்கமாகப் போயிற்று. இப்போது மாத வாடகை கொடுத்து போர்டைக் கோவளத்திலேயே வைத்துவிட்டேன். இரண்டு தோழிகளோடு ஒரே வண்டியில் போகிறேன், சில நாள் ஈசிஆர் பஸ்ஸில்.

மழைக்குப் பிறகு கடலில் இறங்குவது பற்றியும் சொல்ல வேண்டும். அலை நன்றாக இருக்கும், ஆசையாக இருக்கும். பெருமழை பெய்து முகத்துவாரம் திறந்துகொண்டால் தென்சென்னையின் சாக்கடை எல்லாம் நம்மோடு சேர்ந்து அலையேறும். ஒரு நவம்பரில் அப்படி இறங்கி, காதில் சீழ் வைத்து, மூன்று வாரம் மருந்து ஊற்றிக்கொண்டிருந்தேன். தண்ணீரின் நிறமும் வாசனையும் பழையபடி ஆகும்வரை நான் இறங்குவதில்லை. அந்த நாட்களில் கரையில் நடப்பேன். போர்டின் அடியில் துடுப்பு மாதிரி இருக்கிற ஃபின்னில் சிக்குகிற நைலான் வலைத்துண்டுகளை அப்படித்தான் சேகரிக்க ஆரம்பித்தேன். 2025 ஜனவரியில் சென்னைக் கரைகளில் நூற்றுக்கணக்கில் பங்குனி ஆமைகள் செத்து ஒதுங்கியதை அப்படி நடக்கும்போதுதான் கண்ணால் பார்த்தேன். அதைப் பற்றி இங்கே எழுத முடியவில்லை.

கரை அரிக்காமல் இருக்கக் கடலுக்குள் கல் கொட்டிக் கட்டுகிற தூண்டில் வளைவு பற்றிய சண்டையில் மட்டும் நான் வாயைத் திறப்பதில்லை. கல்லைக் கொட்டினால் அலை கெட்டுப்போகும் என்று சர்ஃபர்கள் முணுமுணுப்பார்கள். கல் கொட்டாவிட்டால் வீடு போய்விடும் என்று குப்பத்தில் சொல்வார்கள். சென்னைத் துறைமுகம் கட்டியபின் தெற்கே மெரினா வளர்ந்ததும், வடக்கே ராயபுரம் பக்கம் கடல் ஊரைத் தின்றதும் எல்லோருக்கும் தெரிந்த கதைதான். மணல் இங்கே பெரும்பாலும் தெற்கிலிருந்து வடக்கே போகிறது. ஒரு இடத்தில் தடுத்தால் அதற்கு வடக்கே இருக்கிறவனுக்குக் குறையும். ஞாயிற்றுக்கிழமை வந்துபோகிற எனக்கு அதில் ஓட்டுரிமை கிடையாது என்று நினைக்கிறேன். மற்ற சர்ஃபர்கள் சண்டைக்கு வரட்டும்.

சரி, உடைந்த போர்டு. அக்டோபரில் இரண்டு பாதியையும் மறுபடி காரில் ஏற்றிக் கோவளத்துக்கே கொண்டுபோனேன், அதே படகு அண்ணனிடம். தலை நரைத்திருந்தது. இப்போது முகமூடி போடுகிறார், கழுத்தில்தான் தொங்குகிறது என்றாலும். போர்டைப் பார்த்ததும் கையை நீட்டவில்லை.

"முதல்ல சொல்லு மேடம், உள்ள தெர்மாகோலா, மத்ததா?"

"மத்ததுதான் அண்ணா."

அப்படியும் நம்பாமல், உடைந்த இடத்தில் ஒரு துளி ரெசினை விட்டு, பீடி பற்றவைத்து முடிக்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தார். கரையவில்லை. வால் பாதியின் உடைந்த பக்கத்தை வளைவாக அறுத்து, கண்ணாடித் துணி சுற்றி அடைத்தார். ரெசினுக்கும் கூலிக்கும் 700 ரூபாய் வாங்கிக்கொண்டார். ஃபின் இருந்த இடங்களை அப்படியே விடச் சொன்னேன். பழைய ஃபின் மூன்றும் என்னிடம் இருந்தன.

மூக்குப் பாதியை ஒரு ஓரம் அடைத்து மொட்டைமாடிக்குக் கொண்டுவந்தேன். அம்மா அதன்மேல் மூன்று துளசித் தொட்டிகளை வைத்திருக்கிறார். வால் பாதி, அன்றைக்கு மூக்கைத் தூக்கிவந்து கொடுத்த அந்தப் பையனிடம். படுத்துக்கொண்டே அலையில் வருகிறான், சில சமயம் முட்டி போட்டும். போன வாரம் என்னைப் பார்த்ததும் தண்ணீரிலிருந்தே கத்தினான்:

"அக்கா, இன்னொரு பாதி எப்ப தருவே?"